தூரே என்ன சாப்பிடும்?

எங்கள் வீட்டில் யாருக்கும் கெட்ட குணம் கிடையாது. எங்கள் பிரச்சினையே அதுதான்.

வீடு என்று சொல்லிவிட்டேன். உண்மையில் எங்களுக்கு இரண்டு வீடு. ஒரு வாரம் அம்மா வீட்டில் இருப்போம், அடுத்த வாரம் அப்பா வீட்டில். நடுவில் ஆறு, ஆற்றின் மேல் ஒரு பாலம். வெள்ளிக்கிழமை சாயங்காலம் வந்தால் போதும், நானும் தம்பி மெல்கரும் மூட்டை முடிச்சைத் தூக்கிக்கொண்டு பாலத்தைத் தாண்டிவிடுவோம். எங்கள் ஊரான கார்ல்ஸ்டாட்டில் என் வகுப்புப் பிள்ளைகளில் பாதிப் பேர் இப்படித்தான் இருக்கிறார்கள். அது பழகிவிட்டது.

பழகாத விஷயம் ஒன்று உண்டு. அது அம்மாவும் அப்பாவும் காட்டிக்கொள்ளும் மரியாதை.

பிரிவதற்கு முன் இருவரும் எதற்கெடுத்தாலும் சண்டை போட்டார்கள். ஈரமான கையுறையை நாற்காலியில் வைத்தது யார் என்பதற்குக்கூடச் சண்டை. பிறகு ஒரு குடும்ப ஆலோசகரிடம் போனார்கள். அவர் என்ன சொல்லிக்கொடுத்தாரோ, இப்போது ஒருவரை ஒருவர் தாங்கு தாங்கு என்று தாங்குகிறார்கள். "உங்களுக்கு எப்படி வசதியோ அப்படியே செய்யலாம்." "இல்லையில்லை, நீங்க சொல்றபடியே ஆகட்டும்." கேட்டுக் கேட்டு எனக்குக் காது புளித்துவிட்டது.

ஆலோசகர் ஒரு விதியும் போட்டிருந்தார். பிள்ளைகளிடம் எந்தச் செய்தியும் சொல்லி அனுப்பக் கூடாது, பிள்ளைகள் தபால்காரர்கள் அல்ல என்று. நல்ல விதிதான். ஆனால் அந்த நல்ல விதியால் ஓர் ஆடு மாட்டிக்கொண்டது.

எங்கள் கேம் கன்சோலும் எங்களோடு வாரா வாரம் பாலத்தைத் தாண்டும். அதைத் துண்டில் சுற்றி என் பையில் வைத்துக்கொள்வேன். மெல்கரிடம் கொடுக்க முடியாது. ஏழு வயதுப் பையன், அவன் கையில் எதுவும் தங்காது. கன்சோலில் ஒரு பண்ணை விளையாட்டு இருக்கிறது. அதில் நான் கேரட் போடுவேன், வேலி கட்டுவேன், கிணறு தோண்டுவேன். மெல்கருக்கு அதெல்லாம் ஒரு பொருட்டே இல்லை. அவனுக்குத் தூரே இருந்தால் போதும்.

தூரே அந்தப் பண்ணையில் இருக்கும் ஒரு வெள்ளாடு. ஒரு காது கறுப்பு, ஒரு காது வெள்ளை. எந்த வீட்டில் இருந்தாலும் மெல்கர் படுக்கப் போகும் முன் அதற்குப் புல் வைப்பான். "நல்லாத் தூங்கு தூரே" என்று சொல்லிவிட்டுத்தான் போவான். வீடு மாறும், கட்டில் மாறும், தலையணை மாறும். தூரே மாறாது.

நவம்பர் கடைசியில் ஒரு வெள்ளிக்கிழமை, அம்மா வீட்டில் கன்சோலை மாட்டி டிவியைப் போட்டேன். விளையாட்டுகளின் படங்கள் வரிசையாக வந்தன. ஒவ்வொன்றின் மூலையிலும் ஒரு சின்னப் பூட்டு. பண்ணை விளையாட்டை அமுக்கினேன். உங்கள் சந்தா முடிந்துவிட்டது, விளையாட வேண்டுமானால் மறுபடி சந்தா கட்டுங்கள் என்று எழுத்து வந்தது.

மெல்கர் டிவிக்குப் பக்கத்தில் போய் அந்தப் பூட்டை விரலால் தொட்டுப் பார்த்தான்.

"அக்கா, தூரேவை யாரு பூட்டினாங்க?"

"யாரும் பூட்டலை. சந்தா முடிஞ்சுபோச்சு. இது நூலகத்துல எடுக்கிற புத்தகம் மாதிரிடா. மாசா மாசம் காசு கட்டினா எல்லா விளையாட்டும் இரவலாத் தருவாங்க. கட்டலைன்னா விளையாட முடியாது."

"அப்போ தூரே நூலகத்துல இருக்கா?"

"இல்லை. தூரே இங்கேதான், நம்ம கன்சோலுக்குள்ளே பத்திரமா இருக்கு. கதவு மட்டும்தான் பூட்டியிருக்கு."

"உள்ளே புல் இருக்கா?"

விளக்கம் சொல்லச் சொல்ல விஷயம் மோசமாகிக்கொண்டே போனது.

அம்மா சமையலறையிலிருந்து எட்டிப் பார்த்தார். "அப்படியா? அப்பாவோட சந்தா இருக்குமே! நான் என்னோடதை நிறுத்திட்டேன். ரெண்டு பேரும் கட்டறது தண்டம்தானே? அதுவும் இல்லாம, கேம் உங்க அப்பாவுக்குப் பிடிச்ச விஷயம். அவரே வெச்சுக்கட்டும்னு விட்டுட்டேன்."

"அப்பாகிட்ட சொன்னியா?"

"சொன்னா, அவர் பண்ணணும்னு நான் எதிர்பார்க்கிற மாதிரி ஆகிடாதா?"

"சரி, இப்போ போன் பண்ணிக் கேளு."

"இது அப்பாவோட ஓய்வு வாரம் ரூனா. தொந்தரவு பண்ணக் கூடாது. நீ இதையெல்லாம் மனசுல போட்டுக்காதே கண்ணு. பெரியவங்க பார்த்துப்போம்."

பெரியவர்கள் பார்த்துக்கொண்ட லட்சணத்தைச் சொல்கிறேன், கேளுங்கள்.

அந்த வாரம் முழுக்கப் பூட்டு அப்படியே இருந்தது. அடுத்த வெள்ளிக்கிழமை அப்பா வீட்டுக்குப் போனதும், சப்பாத்தைக் கூடக் கழற்றாமல் கேட்டேன்.

"அப்பா, கேம் சந்தா கட்டினியா?"

"நான் கோடையிலேயே நிறுத்திட்டேனே! அம்மா கட்டறாங்களே. நானும் கட்டினா, அவங்க கட்டறது பத்தாதுன்னு நான் குத்திக்காட்டற மாதிரி இருக்கும்."

"அம்மாவும் நிறுத்திட்டாங்க! நீ வெச்சிருக்கேன்னு நினைச்சு!"

அப்பாவின் முகம் சுருங்கியது. குனிந்து என் தோளில் கை வைத்தார். "ரூனா, இதை அம்மா உன்கிட்ட சொல்லி அனுப்பினாங்களா?"

"இல்லை!"

"பெரியவங்க விஷயத்தை நீ சுமந்துட்டு வரக் கூடாதும்மா."

"நான் எதையும் சுமக்கலை அப்பா! டிவியில எழுதியிருக்கிறதை வாசிக்கிறேன்!"

"சரி சரி. நானே அம்மாகிட்ட பேசறேன்."

பேசினார். அதையும் சொல்லிவிடுகிறேன், ஏனென்றால் நான் பக்கத்தில் உட்கார்ந்து பார்த்துக்கொண்டிருந்தேன். 'கேம் விஷயம், உங்களுக்கு எப்படி வசதியோ அப்படியே' என்று அப்பா அம்மாவுக்கு ஒரு மெசேஜ் அனுப்பினார். 'எனக்கு எதுவானாலும் சரி, உங்க விருப்பம்' என்று பதில் வந்தது. கூடவே ஒரு சூரியன் படம். அப்பா பதிலுக்கு ஒரு கட்டைவிரல் அனுப்பினார். திருப்தியாகப் போனைக் கீழே வைத்தார்.

இதற்குப் பெயர் பேசுவதாம்!

இதற்குள் டிசம்பர் வந்துவிட்டது. ஆட்டை நினைத்து ஏங்கும் ஒரு பையனுக்கு டிசம்பரைப் போல மோசமான மாதம் கிடையாது. எங்கள் ஊரில் கிறிஸ்துமஸ் சமயத்தில் வைக்கோலில் ஆடு செய்து சிவப்பு நாடா கட்டி எல்லா இடத்திலும் வைப்பார்கள். கடை வாசலில் ஆடு, நூலகத்தில் ஆடு, பல் மருத்துவர் மேசையில் ஆடு. மளிகைக் கடையில் மெல்கரைவிட உயரமாக ஓர் ஆடு நின்றது. ஒவ்வொன்றின் முன்னாலும் மெல்கர் நின்றுவிடுவான்.

"இதெல்லாம் எதுவும் சாப்பிடாது அக்கா. வயித்துலயே வைக்கோல் இருக்கு. தூரே என்ன சாப்பிடும்?"

"தூரேவுக்குப் பசிக்காதுடா. நாம விளையாடாதப்போ அதுக்கு நேரம் ஓடாது. கோடையில நாம கூடாரம் போட்டுத் தங்கிட்டு வந்தோமே, திரும்பி வந்தப்போ நல்லாத்தானே இருந்துச்சு?"

"அப்போ பூட்டு இல்லையே."

"பூட்டு இருந்தாலும் அதேதான்."

"நீ உள்ளே போய்ப் பார்த்தியா?"

பார்க்கவில்லை. அதுதான் வம்பு. எனக்கே உள்ளுக்குள் லேசாகச் சந்தேகம் வரத் தொடங்கியது.

சனிக்கிழமை எங்களுக்கு மிட்டாய் நாள். வாரத்தில் அந்த ஒரு நாள்தான் மிட்டாய். மெல்கர் தன் பையிலிருந்து பாதி மிட்டாயை எடுத்து டிவிக்கு முன்னால் வரிசையாக அடுக்கினான். கறுப்பு மிட்டாயை மட்டும் வைக்கவில்லை. தூரேவுக்குப் பிடிக்காதாம். அவன் அதைக் கேலியாகச் செய்திருந்தால் சிரித்திருப்பேன். அவன் உதட்டைக் கடித்துக்கொண்டு செய்தான். எனக்கு அழுகையும் கோபமும் ஒன்றாக வந்தன. கோபம் அவன் மேல் இல்லை.

அவன் தூங்கியதும் கன்சோலை மறுபடி போட்டு நிதானமாகப் பார்த்தேன். வரிசையில் ஒரே ஒரு படத்தில் பூட்டு இல்லை. பழைய கால்பந்து விளையாட்டு. அதை என் பிறந்தநாளுக்குச் சித்தப்பா கடையில் காசு கொடுத்து வாங்கித் தந்தார். சந்தாவோடு வந்தது பூட்டிக்கொண்டது, சொந்தமாக வாங்கியது பூட்டிக்கொள்ளவில்லை. பிறகு சேமித்த ஆட்டங்கள் இருக்கும் பக்கத்துக்குப் போனேன். எங்கள் பண்ணை அங்கே இருந்தது, நாங்கள் கடைசியாக விளையாடிய தேதியோடு. அழியவில்லை.

ஆக, எங்களுக்குத் தேவை ஒரே ஒரு விளையாட்டு. அதைச் சொந்தமாக வாங்கிவிட்டால் எந்தச் சந்தா முடிந்தாலும் கவலையில்லை. எவ்வளவு சுலபம்! ஆனால் இதை யாரிடம் சொல்வது? அப்பாவிடம் சொன்னால் "அம்மாவுக்கு எப்படி வசதியோ" என்பார். அம்மாவிடம் சொன்னால் "அப்பா என்ன நினைப்பாரோ" என்பார். ஒருவர் சொன்னதை மற்றவரிடம் சொன்னால் நான் தபால்காரி ஆகிவிடுவேன்.

சரி, தபாலைத்தானே கொண்டுபோகக் கூடாது? இரண்டு தபால் பெட்டிகளையும் இழுத்துவந்து ஒரே இடத்தில் வைத்தால் என்ன?

டிசம்பர் நடுவில் வெளிச்சத்தைக் கொண்டாடும் லூசியா திருநாள் அந்த வருஷம் வெள்ளிக்கிழமை வந்தது. விடிவதற்கு முன்பே பள்ளிக்கூட மண்டபத்தில் விளக்கை அணைத்துவிட்டார்கள். வெள்ளை அங்கி போட்டு, கையில் மெழுகுவத்தி விளக்கோடு நாங்கள் பாடிக்கொண்டே வரிசையாக நடந்தோம். சின்ன வகுப்புப் பிள்ளைகள் கடைசியில் வந்தார்கள். மெல்கருக்கு இஞ்சி பிஸ்கட் வேஷம். பழுப்பு உடை, அதில் வெள்ளைப் பொத்தான்கள்.

அம்மா மண்டபத்தின் இடது மூலையில் இருந்தார், அப்பா வலது மூலையில். ஒருவர் இடத்தை ஒருவர் ஆக்கிரமிக்கக் கூடாதாம். இரண்டு பேரும் போனில் படம் பிடித்துக்கொண்டிருந்தார்கள்.

மேடை ஓரத்தில், வேறென்ன, ஒரு வைக்கோல் ஆடு. மெல்கர் வரிசையை விட்டு விலகி அதன் முன்னால் போய் நின்றான். பையிலிருந்து ஒரு நிஜ இஞ்சி பிஸ்கட்டை எடுத்து அதன் வாயருகே வைத்தான். அது சாப்பிடவில்லை. அவன் அங்கேயே உட்கார்ந்துவிட்டான். பாட்டு முடியும்வரை எழுந்திருக்கவில்லை, ஒரு வரிகூடப் பாடவில்லை.

மண்டபத்தில் எல்லோரும் "அச்சோ, எவ்வளவு அழகு" என்றார்கள். எனக்கு விளக்கைத் தூக்கி எறியலாம் போல இருந்தது.

பாட்டு முடிந்ததும் வகுப்பறையில் பெற்றோருக்குக் காப்பியும் குங்குமப்பூ ரொட்டியும் கொடுத்தார்கள். நான் அம்மாவின் கோட்டுக் கையைப் பிடித்து இழுத்துவந்தேன். மறு கையால் அப்பாவின் கழுத்துத் துண்டைப் பிடித்தேன். சின்னப் பிள்ளைகள் உட்காரும் குட்டி மேசையில் இருவரையும் எதிரெதிரே உட்கார வைத்தேன். அப்பாவின் முழங்கால் தாடையைத் தொட்டது. மெல்கர் என் பக்கத்தில் வந்து உட்கார்ந்தான்.

"வணக்கம் உல்ரிகா. நல்லா இருக்கீங்களா?" என்றார் அப்பா.

"நல்லா இருக்கேன் ஸ்டாஃபன். நீங்க?"

தட்டில் ஐந்து ரொட்டிகள். ஆளுக்கு ஒன்று எடுத்தோம். ஒன்று மிஞ்சியது. தட்டில் மிஞ்சும் கடைசித் துண்டை எங்கள் ஊரில் யாரும் எடுக்க மாட்டார்கள். எடுத்தால் பேராசைக்காரர் என்று நினைத்துவிடுவார்களாம்.

"நீங்க எடுத்துக்குங்க" என்றார் அப்பா.

"ஐயோ, எனக்கு வேண்டாம். நீங்க எடுத்துக்குங்க" என்றார் அம்மா.

அப்பா அதைப் பாதியாக வெட்டிப் பாதியை எடுத்துக்கொண்டார். அம்மா மிச்சத்தைப் பாதியாக வெட்டினார். அப்பா அந்தக் கால் துண்டையும் வெட்டினார். கடைசியில் தட்டில் ஒரு திராட்சையும், அதில் ஒட்டிக்கொண்டிருந்த கொஞ்சம் ரொட்டியும்தான் இருந்தன. அதையும் அம்மா கத்தியால் குறிபார்த்தார்.

எனக்குப் பொறுமை போய்விட்டது. அந்தத் திராட்சையை எடுத்து வாயில் போட்டுக்கொண்டேன்.

"ரூனா!" என்றார்கள் இருவரும்.

"நான் தபால் கொண்டுவரலை. நீங்களே நேர்ல பேசிக்குங்க. அம்மா, நீ கேம் சந்தாவை நிறுத்தினியா?"

"நிறுத்தினேன். அவர் வெச்சிருப்பாரேன்னு..."

"அப்பா, நீ?"

"நானும்தான். அவங்க வெச்சிருக்காங்களேன்னு..."

இரண்டு பேரும் ஒருவரை ஒருவர் பார்த்துக்கொண்டார்கள். அம்மாவின் காது சிவந்தது.

"அதனாலதான் தூரேவைப் பூட்டிட்டாங்க" என்றான் மெல்கர். அவன் கன்னத்தில் இஞ்சி பிஸ்கட் தூள் ஒட்டியிருந்தது. "ரெண்டு வாரமா அதுக்கு யாருமே புல் வைக்கலை. செத்துப்போயிருந்தா யார்கிட்டயும் சொல்லக்கூட அதால முடியாது."

அப்பா காப்பிக் கோப்பையைக் கீழே வைத்தார். "இதுக்காகத்தான் இன்னைக்கு நீ பாடலையா?"

மெல்கர் தலையாட்டினான்.

அடுத்த நொடி இரண்டு போன்களும் வெளியே வந்தன.

"நான் கட்டிடறேன்."

"வேண்டாம், நான் கட்டறேன்."

"நிறுத்துங்க!" என்றேன். பக்கத்து மேசைக்காரர்கள் திரும்பிப் பார்த்தார்கள். "ரெண்டு பேரும் கட்டுவீங்க. அப்புறம் ரெண்டு பேரும் நல்ல மனசோட நிறுத்துவீங்க. சந்தாவே வேண்டாம். அந்தப் பண்ணை விளையாட்டை மட்டும் சொந்தமா வாங்கிக் குடுங்க. வாங்கினது பூட்டிக்காது, நான் பார்த்துட்டேன். எங்களுக்குக் கிறிஸ்துமஸுக்கு அது போதும். ரெண்டு பேரும் சேர்ந்து ஒரே பரிசு."

"சேர்ந்தா?" என்றார் அம்மா.

"அப்போ ஆளுக்குப் பாதி..." என்று ஆரம்பித்தார் அப்பா.

"பாதி பாதின்னு ஆரம்பிச்சா அந்த ரொட்டி கதைதான் ஆகும்!"

இருவரும் காலித் தட்டைப் பார்த்தார்கள். மெல்கர்தான் வழி சொன்னான். "அப்பா வாங்கட்டும். அம்மா கதவைத் திறக்கட்டும்."

அன்று சாயங்காலம் நாங்கள் வீடு மாற வேண்டும். அப்பா எங்களை அம்மா வீட்டுக்கு அழைத்துவந்தார். எப்போதும் அவர் வாசல் மிதியடியைத் தாண்ட மாட்டார். சப்பாத்தோடு அங்கேயே நின்று "சரி, நான் வர்றேன்" என்று சொல்லிவிட்டுப் போய்விடுவார். அன்றும் அப்படித்தான் நின்றார்.

"அப்பா, நீயும் பார்க்கணும்" என்றான் மெல்கர்.

"அம்மாவுக்குச் சிரமமா இருக்குமேடா."

"எனக்கு ஒண்ணும் இல்லை, ஆனா அவருக்கு வேலை இருக்குமோ என்னமோ" என்றார் அம்மா உள்ளேயிருந்து.

"சப்பாத்தைக் கழட்டு அப்பா!" என்றேன்.

கழற்றினார். இடது காலுறையில் ஓட்டை, கட்டைவிரல் எட்டிப் பார்த்தது. சோபாவில் ஓரமாக உட்காருவதா, நடுவில் உட்காருவதா என்று இருவரும் விட்டுக்கொடுக்க ஆரம்பித்தார்கள். நான் முறைத்தேன். உடனே உட்கார்ந்தார்கள்.

அப்பா விளையாட்டை வாங்கினார். பூட்டு மறைந்தது. அப்பாடா என்று நினைத்தால், அப்டேட் இறங்க வேண்டுமாம்! திரையில் ஒரு நீலக் கோடு அங்குலம் அங்குலமாக ஊர்ந்தது. அம்மா காய்ச்சிய பழரசமும் ஒரு தட்டு நிறைய இஞ்சி பிஸ்கட்டும் கொண்டுவந்தார். பிறகு அப்பா, மெல்கர் வைக்கோல் ஆட்டிடம் பிஸ்கட் நீட்டிய படத்தைப் போனில் காட்டினார். அம்மா எடுத்ததில் அவன் முதுகு மட்டும்தான் தெரிந்தது. அப்பா தன் படத்தை அவருக்கு அனுப்பினார். எப்படி வசதி என்று கேட்காமலே அனுப்பினார்.

நீலக் கோடு முடிந்தது. மெல்கர் கன்ட்ரோலரை அம்மாவின் கையில் கொடுத்தான். அம்மா பொத்தானை அமுக்கினார்.

பண்ணை வந்தது. என் கேரட்டுகள் வந்தன. கிணறு வந்தது. ஆட்டுக் கொட்டகை காலியாக இருந்தது.

மெல்கர் என் கையை இறுக்கிப் பிடித்தான். கன்ட்ரோலரை வாங்கிக் கொட்டகையைச் சுற்றி ஓடினேன். வேலி ஓரம் இல்லை. கிணற்றுப் பக்கம் இல்லை. கொட்டகைக்குப் பின்னால் போனேன்.

தூரே அங்கே நின்றுகொண்டிருந்தது. நான் நாள் கணக்கில் பாடுபட்டுச் செய்த சோளக்கொல்லைப் பொம்மையின் தொப்பியை மென்றுகொண்டிருந்தது.

"அது என் தொப்பி!" என்று கத்தினேன்.

"சாப்பிடட்டும் அக்கா, பாவம்!" மெல்கர் சோபாவில் ஏறிக் குதித்தான். காலையில் பாடாத லூசியா பாட்டு முழுவதையும் தூரேவுக்குப் பாடிக் காட்டினான். சுருதி எங்கெங்கோ போனது. யாரும் கண்டுகொள்ளவில்லை.

தட்டில் ஒரே ஒரு இஞ்சி பிஸ்கட் மிஞ்சியிருந்தது. நான் அதைப் பார்த்தேன். அம்மா அதைப் பார்த்தார். ஐயோ, மறுபடியும் கத்தியைத் தேடப் போகிறார்கள் என்று நினைத்தேன்.

அப்பா கையை நீட்டினார். எடுத்தார். முழுசாக வாயில் போட்டுக்கொண்டார்.

"ஸ்டாஃபன்! அது எனக்கு வெச்சிருந்தேன்!" என்று அம்மா கத்தினார்.

அப்பா வாய் நிறைய பிஸ்கட்டோடு சிரித்தார். அம்மா தலையணையால் அவர் தோளில் ஒன்று வைத்தார்.

அப்பாடா! இனி நான் நிம்மதியாகப் போய் வேறொரு தொப்பி செய்யலாம்.